வெள்ளிக் காப்பும் மூன்று நாற்காலிகளும்

அன்று அல்சூரில் பெய்த மழைக்கு யானைகூடச் சுருங்கிப் பூனையாகியிருக்கும். அதில் நனைந்து வந்து, ஓய்வுபெற்ற போலீஸ்காரர் பெருமாள்சாமியின் வாசலில் நின்றாள் பக்கத்து மர்பி டவுனில் வசிக்கும் எல்லம்மா.

"நான் வேலை செய்யற வீட்டுச் சாமியோட வெள்ளிக் காப்பு காணோம்ணா. அங்க போய் வர்றது நான் ஒருத்திதான். நான் வேலை செய்யற மத்த ரெண்டு வீட்லயும் திருடின்னு நெனச்சு இனி வராதேன்னுட்டாங்க."

சாமி என்பவர் அனந்தபத்மநாபன். மனைவி இறந்த பிறகு தனியாக உட்கார்ந்து, பழங்கால ஐஸ்லாந்து அரசவைக் கவிஞன் ஒருவனின் பாடல்களைத் தமிழாக்கிப் பாடிக்கொண்டிருப்பவர். அந்தக் கவிஞன் கப்பலை 'அலைக்குதிரை' என்பான். கோடாலியை வர்ணிக்கத் தொடங்கினால் காடு தீர்ந்த பிறகே நிறுத்துவான். அந்தக் கவிஞனுக்கு அவனுடைய ராஜா பரிசாகத் தந்ததைப் போலவே ஒரு வெள்ளிக் காப்பை அனந்தபத்மநாபன் செய்துவைத்திருந்தார்.

பெருமாள்சாமியின் நண்பர் சின்னப்பா, குடையை வாளாக ஏந்தி முன்னே நடக்க, மற்ற இருவரும் அந்த வீட்டுக்குப் பின்தொடர்ந்தார்கள்.

சமையலறையில் அனந்தபத்மநாபன் கம்பளிக் கோட்டுடன், கனன்ற அடுப்பருகே வியர்வை வழிய உட்கார்ந்திருந்தார். எதிரே மூன்று காலி நாற்காலிகள். காப்பு வைத்திருந்த பீரோவின் பூட்டில் கீறலே இல்லை.

"சாவி?" என்றார் பெருமாள்சாமி.

"பூணூல்ல. குளிக்கறச்சேகூடக் கழட்டமாட்டேன்."

"திருடன் ஜன்னல் வழியா..." என்றார் சின்னப்பா.

"அந்தக் கம்பில எலி நுழையட்டும் பாக்கலாம். உக்காருய்யா."

"வந்ததுக்கு ஒரு பாட்டு கேளுங்கோ," என்றார் அனந்தபத்மநாபன். பாடப்பாட மழையே அலுத்து நின்று, மறுபடி பிடித்தது. பாட்டில், ராஜா வாள்நுனியில் காப்பைக் கோத்துத் தீக்கு மேலே நீட்ட, கவிஞன் வாங்கிக்கொண்டான். பிறகு ராஜா இறந்தான்.

*பனியே கூரை; என் சொல்லறிந்த செவிகள்*
*அலைக்குதிரை ஏறி அகன்றன.*

சின்னப்பா குறட்டை விட்டார். பெருமாள்சாமி கடைசிவரை கேட்டார்.

"நல்லா இருந்தது சார். இப்ப கோட்டைக் கழட்டுங்க."

அனந்தபத்மநாபன் கோட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"பூட்டு உடையல. சாவி உங்க மார்ல. இப்படி வேர்த்தும் கோட்டு இறங்கல. காப்பு கோட்டுக் கைக்குள்ள இருக்கு."

கோட்டு மெல்ல இறங்கியது. காப்பு மின்னியது.

"திருட்டுன்னா நாலு பேர் வருவா. பாட்டுன்னா யார் வரா?" என்றார் அனந்தபத்மநாபன். "எல்லம்மா மேல பழி விழும்னு தோணவே இல்லை."

"தெனமும் பாத்திரம் தேய்ச்சுக்கிட்டே கேக்கறேனே சாமி," என்றாள் எல்லம்மா. "என்னை ஒரு நாள் உக்காருன்னு சொன்னீங்களா?"

அவர் ஒரு நாற்காலியை அவள் பக்கம் நகர்த்தினார். உட்கார்ந்தாள். காப்பை வாங்கி, இடுக்கியில் கோத்து, அடுப்புக்கு மேலே நீட்டினாள். அவர் கை நீண்டது. இடுக்கி பின்வாங்கியது.

"முதல்ல அந்த ரெண்டு வீட்டுக்கும் போய்ச் சொல்லிட்டு வாங்க. வந்து வாங்கிக்குங்க. அப்புறம் பாடலாம்."

அனந்தபத்மநாபன் கோட்டில்லாமல் மழையில் இறங்கினார்.