லீப்பாவின் மேல் மூன்று பூச்சு

மூன்றாம் நாளும் அந்த ஓர் இடம் மட்டும் காயவில்லை.

ஃபாயினா சுட்டுவிரலால் தொட்டுப் பார்த்தாள். கேன்வாஸ் முழுக்க வெள்ளைச் சாயம் இறுகி, நகம் பட்டால் சத்தம் எழும்படி காய்ந்திருந்தது. நடுவில், சற்று மேலே, கரண்டிக் குழி அளவுக்கு மட்டும் ஈரம். விரலில் ஒட்டிய சாயம் வெதுவெதுப்பாக இருந்தது. அதே அறையில் வாளித் தண்ணீர் உறைந்து கிடந்தது.

ரஷ்யப் புரட்சிக்குப் பிறகு வந்த மூன்றாவது குளிர்காலம் அது. வீதெப்ஸ்க் ஊரில் ரொட்டிக்கு இருந்த பஞ்சம் கேன்வாஸுக்கும் இருந்தது. மாவு வியாபாரி ஒருவன் விட்டுவிட்டு ஓடிய வீட்டை ஓவியர்களுக்கு ஒதுக்கியிருந்தார்கள். அவன் மனைவி உஸ்தீனியா மட்டும் சமையலறைக்குப் பின்னால் ஒண்டிக்கொண்டிருந்தாள். சுவரில் தொங்கிய குடும்பப் படங்களின் மேல் வெள்ளையடித்து, முகமும் மரமும் இல்லாத புதிய ஓவியத்தை, வெறும் வட்டமும் கோடுமாகத் தீட்டுவது என்று முடிவானது. ஃபாயினாவின் பங்குக்கு வந்தது உஸ்தீனியாவின் மகள் லீப்பாவின் படம். ஏழு வயதுப் பெண். முன்பல் விழுந்த வாய் லேசாகத் திறந்திருந்தது.

முதல் பூச்சு அடிக்கத் தொடங்கிய அன்று உஸ்தீனியா கதவோரம் வந்து நின்றாள்.

"வீட்டையே எடுத்துக்கிட்டீங்க, நான் வாயைத் திறக்கல. இது மட்டும் வேணாம் கண்ணு. தொண்டை அடைப்பான்ல போனவ. கடைசி நாள் பூரா மூச்சுக்குத் தவிச்சா. அவ வாயை மூடிடாதே."

"இது வெறும் சாயம், உஸ்தீனியா கார்ப்பவ்னா. சாயத்துக்கு ஏது மூச்சு?"

ஃபாயினா முதலில் கண்களை மறைத்தாள். வாயைக் கடைசியில். அங்கே தூரிகை ஒரு கணம் தயங்கியதை அவளே ஒப்புக்கொள்ளவில்லை.

இப்போது ஈரத்தைப் பற்றிக் கீழ்த்தளத்தில் யெலிசேயிடம் சொன்னாள். அவளோடு படித்தவன், கண்காட்சிக்குப் பலகை எழுதிக்கொண்டிருந்தான்.

"கேன்வாஸ் வேர்க்குதா? இந்த வீட்டுல வேர்க்கிற ஒரே ஆள் அதுதான். கட்டிப்பிடிச்சுத் தூங்கு, தோழரே."

"விளையாடாதே. மேல வந்து தொட்டுப் பாரு."

"எண்ணெய் மட்டம், அவ்வளவுதான். இன்னொரு பூச்சு அடி. ஞாயித்துக்கிழமை படங்களைப் பார்க்கக் கமிட்டி வருது, ஞாபகம் இருக்கட்டும்."

இன்னொரு பூச்சு அடித்தாள். மறுநாள் அதே இடம் ஈரம். மூன்றாவது பூச்சு. அதையும் ஈரம் தின்றது.

சனிக்கிழமை. மதியம் மூன்று மணிக்கே வெளிச்சம் வற்றிவிட்டது. கீழே யெலிசேய் நாற்காலிக் கால்களை உடைத்து அடுப்பில் போடுவதும், தெருவில் டிராம் பனியை அரைத்துக்கொண்டு போவதும், கூரையில் பனிக்கட்டி விரிசல் விடுவதும் ஒன்றன்பின் ஒன்றாகக் கேட்டு அடங்கிய பிறகு, அந்த மௌனத்துக்குள் வேறு ஒரு சத்தம் இருப்பது ஃபாயினாவுக்குப் புரிந்தது. துணி இழுபடும் சத்தம். மெதுவாக உள்ளே. மெதுவாக வெளியே. கூடவே, ஆளிவிதை எண்ணெயின் வாசனையைத் தாண்டிக்கொண்டு, காய்ச்சல் கண்ட பிள்ளையின் புளித்த வாய் வாடை.

சாயம் சுரண்டும் கத்தியைக் கையில் எடுத்துக்கொண்டு அருகே போனாள்.

ஈரமான இடம் உள்நோக்கிக் குழிந்தது. நடுங்கியது. விம்மி வெளியே வந்தது. மறுபடி குழிந்தது, இம்முறை இன்னும் ஆழமாக, இன்னும் சிரமப்பட்டு.

அது மூச்சு விட ஒரு கீறல் போதும். அது அவளுக்குத் தெரிந்தது. கத்தி கையிலேயே இருந்தது. ஆனால் நாளைக்குக் கமிட்டி வரும். கிழிந்த கேன்வாஸைக் காட்டி என்ன சொல்வது? ஒரு குழந்தை மூச்சு விட்டது என்றா?

"சாயம்," என்றாள். "வெறும் சாயம்."

மற்றக் கையை விரித்து ஈரத்தின் மேல் அழுத்தினாள்.

உள்ளங்கையை அது உறிஞ்சியது. சின்னப் பிடி. ஈறு போல வழுவழுப்பு. கேன்வாஸ் படபடத்தது. சட்டம் சுவரில் மோதியது. அவள் தோளையும் கொடுத்து அழுத்தினாள். கண்ணை மூடிக்கொண்டாள். படபடப்பு வேகமானது. குறைந்தது. ஒருமுறை. நெடுநேரம் கழித்து இன்னொரு முறை.

பிறகு இல்லை.

கையை எடுத்தாள். காய்ந்த, தட்டையான, குறையில்லாத வெள்ளை.

பெருமூச்சு விட நினைத்தாள்.

வரவில்லை.

யெலிசேயைக் கூப்பிட நினைத்தாள். தொண்டைக்குள் ஒரு முனகல் எழுந்து, வெளியேற வழியில்லாமல் மூக்கின் பின்னால் முட்டி நின்றது. மூக்கிலும் காற்று இல்லை. கையால் முகத்தைத் தடவினாள். நெற்றி. இமைகள். அதற்குக் கீழே எதுவும் இல்லை. மேடில்லை, பள்ளமில்லை. குளிர்ந்த வழுவழுப்பு. விரல்களில் வெள்ளை ஒட்டியிருந்தது.

மார்பு இழுத்தது. முகத்தின் நடுவில் தோல் உள்ளே குழிந்தது.

இருட்டிய ஜன்னல் கண்ணாடியில் இரண்டு கண்கள் மட்டும் தெரிந்தன. கத்தியை உயர்த்தினாள். முனை வெள்ளையில் அங்குமிங்கும் தடவியது. அவள் வாய் எங்கே இருந்தது என்று தேடியது.