வெள்ளத்துக்கு இப்புறம்

ஆவணி மாதத்துப் பெருமழை ஓய்ந்த ஒரு மாலைப் பொழுதில், கொல்லிமலையின் சிகரங்களெல்லாம் செவ்வொளியில் குளித்து நிற்க, ஐயாறு கரைபுரண்டு நுரைத்து ஓடிய காட்சியை அன்பார்ந்த வாசகர்கள் மனக்கண்ணில் காண்பார்களாக. அதன் மேற்குக் கரையில் மூங்கிலால் வேய்ந்த சிறு குடிலொன்றில் ஏழு ஆண்டுகளாக ஒரு பெண் தன்னந்தனியே வாழ்ந்து வந்தாள். தினை விதைத்தாள், கிழங்கு அகழ்ந்தாள், மான்தோல் தைத்து உடுத்தாள். ஒருமுறை கையெலும்பு முறிந்தபோது தானே மூங்கில் பத்தை வைத்துக் கட்டிக்கொண்டாள். எவர் துணையும் தனக்கு வேண்டியதில்லை என்ற கர்வம்கூட அவளுக்கு உண்டு.

அன்று நண்பகலில், பாறையில் வழுக்கிக் கால் முறிந்து கிடந்த ஒரு வீரனை அவள் குடிலுக்கு இழுத்து வந்திருந்தாள். சாத்தன் என்பது அவன் பெயர்.

"அம்மணி, விடிவதற்குள் நான் அக்கரையிலுள்ள வேங்கைக்குன்றக் கோட்டைக்குத் திரும்பியாக வேண்டும்."

"வெள்ளம் வடிய மூன்று நாளாகும். உம்மால் எழுந்து நிற்கவும் இயலாது. அங்கே அப்படி என்ன அவசரம்?"

"எங்கள் படைத்தலைவர் கண்டன் செழியன் ஏழு ஆண்டுகளாக அங்கே சிறையில் கிடக்கிறார்."

பச்சிலை அரைத்துக்கொண்டிருந்த அவள் கை நின்றது. "கோட்டை வீழ்ந்த அன்றே அவர் மாண்டுவிட்டதாக அல்லவா சொன்னார்கள்?"

"பகைவர் பரப்பிய பொய் அது. அவரை மணக்கவிருந்த இளவரசி அரிஞ்சிகை தேவியார் அன்றே தப்பிவிட்டார். பௌர்ணமிக்குள் தேவியார் வந்து சரணடைந்தால் தலைவரை விடுவிப்பார்களாம். இல்லையேல் மறுநாள் விடியலில் யானைக்காலால் இடறச் செய்வார்கள். ஒரு மாதமாகக் காடு மலையெல்லாம் தேடினேன். தேவியார் அகப்படவில்லை. தலைவரின் முகத்தைக் கடைசியாக ஒருமுறை பார்க்கலாமென்று திரும்பினேன்."

"பௌர்ணமி என்றைக்கு?"

"இன்றுதான், அம்மணி."

அவள் எழுந்து ஆற்றை நோக்கி நடந்தாள். இடுப்பளவு இறங்குமுன்னே வெள்ளம் அவளைப் புரட்டிக் கரையில் எறிந்தது. மறுபடி ஒரு மரக்கட்டையைப் பற்றிக்கொண்டு பாய்ந்தாள். கட்டை போயிற்று, அவள் நாணல் புதரில் சிக்கித் திரும்பினாள். மூன்றாம் முறை நெற்றி பிளந்து இரத்தம் வழியத் தவழ்ந்து கரையேறியவளால் அதன்பின் எழ முடியவில்லை. சாத்தன் முறிந்த காலோடு குடில் வாசலில் கிடந்து, செய்வதறியாமல் பார்த்துக்கொண்டிருந்தான். கிழக்கு மலைமீது முழுநிலவு எழுந்தது.

"அம்மணி, தாங்கள் யார்?" என்று கூவிக் கேட்டான் அவன்.

"நீர் தேடி அலைந்த அரிஞ்சிகை நான்தான்" என்றாள் அவள், திரும்பிப் பாராமலே. "அவர் இல்லாத உலகத்தில் என்னை யாரும் கண்டுபிடிக்கக் கூடாதென்றுதான், சாத்தரே, இத்தனை தூரம் வந்தேன்."