கல்லுக்குப் பின்னால் போனவர்

வழிகாட்டி தலைகளை எண்ணி முடித்து, எல்லாரும் வந்தாயிற்று என்று வான் கதவை இழுத்துச் சாத்தியபோது, அது எப்படிச் சரியாகும் என்றுதான் றீற்றா நினைத்தாள். ஒரு ஆள் குறையவேண்டும். கடைசி இருக்கையில் இருந்த தமிழ் அம்மா, சற்று முன்தான், கால்களை ஒவ்வொன்றாகத் தூக்கிவைத்து, ஒரு பெரிய சிவந்த கல்லுக்குப் பின்னால் போயிருந்தார். போனதை றீற்றா கண்டாள். போவதற்கு முன் அவர் சொன்னதையும் கேட்டாள்.

"பிள்ளை, எனக்கு ஒண்டுக்கு அந்தரமாக் கிடக்கு. உந்தக் கல்லுக்குப் பின்னால ஒருக்காப் போட்டு வாறன். உவன் வானை எடுத்திடுவான். ஒருக்காச் சொல்லிவிடும்."

றீற்றா புன்னகையோடு புருவத்தை உயர்த்தி, "சொறி?" என்று கேட்டாள். தமிழ் தெரியாதவள்போல.

அந்த அம்மா அவளது கழுத்தைப் பார்த்தார். காலையில் நடந்த கூட்டத்துக்கு மாட்டிய பெயரட்டை இன்னும் அங்கே தொங்கிக்கொண்டிருந்தது. றீற்றா அமிர்தநாதர். அவர் கோபப்படவில்லை. ஏதோ தன்மேல்தான் பிழை என்பதுபோல மெல்லச் சிரித்துவிட்டு, முழங்காலைப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

றீற்றா ரொறன்ரோவில் ஒரு காப்புறுதி நிறுவனத்தில் வேலை செய்தாள். அந்த இலையுதிர்காலத்தில்தான் அவளை ஒரு குழுவுக்குப் பொறுப்பாக்கியிருந்தார்கள். நிறுவனத்தின் வருடாந்தக் கூட்டம் அரிசோனாவில். கூட்டம் மதியத்தோடு முடிய, மேலாளர் ஹெதர் எல்லாரையும் பாலைவன மலைகளைப் பார்க்கும் அரைநாள் சுற்றுலாவுக்குக் கூட்டிவந்தாள். ஹோட்டலில் தங்கியிருந்த வேறு சிலரும் அதே வானில் ஏறினார்கள். அவர்களில் ஒருவர்தான் அந்தத் தமிழ் அம்மா, ரதி. ரெக்ஸ்டேலில் இருந்து வந்தவர். கல்கரியில் இருக்கும் மகன் ஒழுங்கு செய்த பயணம், கணவருக்கு வயிறு சரியில்லை, வீணாக்கக்கூடாதென்று தனியாக வந்தேன் என்று ஏறும்போதே றீற்றாவிடம் தமிழில் சொன்னார். அப்போதும் றீற்றா சிரித்துத் தலையாட்டியதோடு சரி. பிறகு, வான் சூடேறி ஓடிக்கொண்டிருக்கையில், ரதி ஒரு டப்பாவைத் திறந்தார். மாசிச் சம்பல் மணம் வானெங்கும் பரவியது. ஹெதர் மூக்கைச் சுருக்கி, "உனக்கு இது என்ன மணமென்று தெரியுமா?" என்று றீற்றாவிடம் கேட்டாள்.

"தெரியாதே," என்றாள் றீற்றா.

அதற்குப் பிறகு தமிழ் தெரியும் என்று எப்படிக் காட்டுவது?

இப்போது அவள் மெதுவாகத் திரும்பிப் பார்த்தாள். கடைசி இருக்கையில் ரதி இருந்தார். வெயிலுக்குப் போட்ட மஞ்சள் சால்வை தலையை மூடியிருந்தது. முகம் யன்னல் பக்கம். கைகள் மடியில். றீற்றாவுக்கு நெஞ்சுக்குள் இருந்த பாரம் ஒன்று இறங்கியது. எந்த நேரம் வந்து ஏறினார்? படியில் ஏறிய சத்தம் கேட்கவில்லை. பரவாயில்லை, வந்துவிட்டார்.

வான் நகர்ந்தது. மலைகள் இரண்டு பக்கமும் எரிந்து அடங்கிய அடுப்புக் கற்கள்போல நின்றன. அவற்றுக்கிடையில் கைகளை மேலே தூக்கிய ஆட்களைப்போலக் கள்ளிகள், ஒன்றின் பின் ஒன்றாக, வெயில் சாயச் சாயத் தம் நிழல்களை வீதிக்குக் குறுக்கே நீட்டின. திறந்திருந்த யன்னலால் சுட்ட கல்லின் வாசம் வந்தது, அதில் உயிருள்ள எதன் வாசமும் இல்லை. வீதி வளைந்து மேலே ஏறியது. வளைவில், பின்கண்ணாடி வழியாக, தாங்கள் நின்ற இடம் கீழே சிறிதாகத் தெரிந்தது.

சிவந்த கல்.

கல்லுக்குப் பின்னாலிருந்து ஒருவர் வந்தார். நொண்டி நொண்டி ஓடிவந்தார். கையில் மஞ்சளாய் ஏதோ. அதை வீசினார். திரும்பவும் வீசினார்.

றீற்றா வாயைத் திறந்தாள்.

கடைசி இருக்கையில் ரதி அசையாமல் இருந்தார்.

ஆள் உள்ளே இருக்கும்போது ஆளை விட்டுவிட்டு வந்தோம் என்று எப்படிச் சொல்வது? சொன்னால் எல்லாரும் திரும்பிப் பார்ப்பார்கள். அந்த அம்மா போனது உனக்கு எப்படித் தெரியும், அவர் என்ன சொன்னார், எந்த மொழியில் சொன்னார் என்று ஹெதர் கேட்பாள். வேறு யாரோ ஒரு பயணியாயிருக்கும், வேறு வானில் வந்தவராயிருக்கும். இப்படி நினைத்துக்கொண்டிருக்கையில் அடுத்த வளைவு வந்தது. பிறகு இன்னொன்று. சொல்லாமல் போன தூரம் கூடக்கூடச் சொல்வது இன்னும் கடினமாகிக்கொண்டே போனது.

ஹோட்டல் வாசலில் ரதியின் கணவர் காத்திருந்தார். மெலிந்த, தடியூன்றிய மனிதர். கடைசி இருக்கையில் இருந்தவர் படியிலிருந்து இறங்கியபோது கம்பியைப் பிடிக்கவில்லை. நொண்டவுமில்லை. கணவர் கையைப் பிடித்துவிட்டு, "என்ன ரதி, கை இப்பிடிச் சுடுது?" என்றார். அவரது பார்வை றீற்றாவின் பெயரட்டையில் விழுந்தது. "நீங்கள் தமிழ் ஆக்களெல்லோ?"

"சொறி," என்று சொல்லிவிட்டு றீற்றா லிஃப்டை நோக்கி நடந்தாள்.

*

தை மாதத்தில் ஒருநாள் ரதியின் கணவர் அவளது அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தார். பெயரையும் நிறுவனத்தையும் அட்டையில் பார்த்து நினைவில் வைத்திருந்தார். "என்ர பேர் தியாகலிங்கம். ரதியின்ர மனுசன். பிள்ளை, கோவியாதையும். ஒருக்கா வீட்டை வந்திட்டுப் போவீரோ?"

தமிழில் பதில் சொல்ல அவளுக்கு நேரம் எடுத்தது. "ஓம் அங்கிள். வாறன்."

சனிக்கிழமை மதியம் தான் இருக்கும் ரூஜிலிருந்து நகரத்தைக் குறுக்காகக் கடந்து ரெக்ஸ்டேலுக்குக் காரை ஓட்டினாள். ஆற்றுப் பள்ளத்தாக்கின் ஓரத்தில் பழைய செங்கல் வீடு. உள்ளே நுழைந்ததும் அந்த வாசம். சுட்ட கல். சமையலறையில் எதுவும் அடுப்பில் இல்லை. ஹீட்டர் ஓடும் சத்தமும் இல்லை. ஆனால் சுவர்கள் பகல் முழுக்க வெயில் குடித்தவைபோல வெப்பத்தை விட்டுக்கொண்டிருந்தன.

ரதி யன்னலோரக் கதிரையில் பனியைப் பார்த்தபடி இருந்தார். வானில் இருந்த அதே இருப்பு. முகம் யன்னல் பக்கம், கைகள் மடியில்.

தியாகலிங்கம் றீற்றாவைச் சமையலறைக்குக் கூட்டிப்போய்க் குரலைத் தாழ்த்தினார். "சாப்பிடுறா. குளிக்கிறா. கூப்பிட்டாத் திரும்பிப் பாக்கிறா. ஆனா அரிசோனாவால வந்த நாளில இருந்து முழங்கால் நோகுது எண்டு ஒரு சொல்லுச் சொல்லேல்லை. கலியாணம் கட்டின நாளில இருந்து என்னோட சண்டை பிடிச்ச மனுசி, இப்ப ஒருக்காலும் சண்டைக்கு வாறேல்லை. டொக்டர் சந்தோசப்படுறார். நான் குசினிக்குள்ள இருந்து அழுறன்."

"அங்கிள்..."

"இரவில எழும்பிப் பாப்பன். கண் திறந்தபடி கிடப்பா. கண்ணுக்குள்ள கையை வைச்சாலும் இமைக்கமாட்டா." அவர் தடியின் பிடியைத் தடவினார். "உது ரதி இல்லைப் பிள்ளை. மகனிட்டைச் சொன்னன். அப்பாவுக்கு அறளை பேந்து மூளை தடுமாறிட்டுது எண்டு பெரிய டொக்டரிட்டை நாள் எடுத்து வைச்சிருக்கிறான். நீர் அண்டைக்கு வானுக்குள்ள இருந்தனீர். உண்மையைச் சொல்லும். அங்க என்ன நடந்தது?"

அவரது கண்கள் சிவந்து, நம்பிக்கையோடு அவளைப் பார்த்தன. ஒரு வசனம் போதும். திரும்பி வரேல்லை. ஆனால் அந்த வசனத்துக்குப் பின்னால் மற்றதெல்லாம் வரிசையில் நின்றது. அவர் என்னிடம் சொல்லிவிட்டுத்தான் போனார். எனக்கு விளங்கியது. கை காட்டியதைக் கண்டேன். சம்பல் மணத்துக்கு வெட்கப்பட்டேன்.

"ஒண்டும் நடக்கேல்லை அங்கிள்," என்றாள். "அன்ரி எங்களோடதான் திரும்பி வந்தவ."

அவர் தலையை மெல்ல ஆட்டினார். "அப்ப எனக்குத்தான்," என்றார். "எனக்குத்தான் ஏதோ." முகத்தைத் துடைத்துக்கொண்டு, "தேத்தண்ணி குடிச்சிட்டுப் போம்," என்றார்.

வெளியே வரும்போது கதிரையில் இருந்தவர் யன்னலை விட்டுத் திரும்பியிருந்தார். றீற்றாவைப் பார்த்துச் சிரித்தார். ஒரு உதவிக்கு நன்றி சொல்லும் சிரிப்பு.

*

அந்தக் கிழமை அவள் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. அலுவலகத்தில் கதவைச் சாத்திவிட்டு, கணினியில் அந்த மலைப்பகுதிச் செய்திகளைத் தேடினாள். காணாமல் போனவர்கள் என்று எவருமில்லை. எப்படி இருப்பார்கள்? வீட்டுக் கதிரையில் இருக்கும் ஒருவரை யார் தேடுவது? அங்குள்ள காவல்துறையின் இலக்கத்தை எடுத்து அழைத்தாள். ஒரு பெண் குரல் பேசியதும் வைத்துவிட்டாள். ஞாயிறு பூசையில் பாவசங்கீர்த்தனத்துக்கு வரிசையில் நின்று, தன் முறை வந்தபோது விலகி வெளியே வந்தாள். கணவன் ஜூலியன் என்ன நடந்தது என்று கேட்டான். தடிமன், மூக்கடைப்பு என்றாள்.

கண்ணை மூடினால் அந்த மஞ்சள் துணி. வீசிக்கொண்டே இருந்தது. பாலைவனத்தில் இரவு குளிரும் என்று வழிகாட்டி சொல்லியிருந்தான்.

அடுத்த சனிக்கிழமை, சொல்லத்தான் வேண்டும் என்று முடிவெடுத்தாள். நீங்கள் விசரன் இல்லை, உண்மையில் உது உங்கட மனுசி இல்லை என்று அந்த மனிதரிடம் சொன்னால், பிறகு அவர் தன்மேல் துப்பினாலும் பரவாயில்லை. காலையில் புறப்படாமல் தயங்கித் தயங்கி, அவள் ரெக்ஸ்டேலுக்குப் போய்ச் சேரும்போது பகல் வெளிச்சம் போய்விட்டது. பனி கொட்டிக்கொண்டிருந்தது. கார்க் கதவைத் திறக்கவே மூக்கு உறையும் குளிர்.

அவள் மணியை அழுத்தவில்லை. கதவு திறந்தது.

தியாகலிங்கம் நின்றார். பெனியனும் சாரமும். வெறுங்கால் பனிப் படியில். கையில் தடி இல்லை. நிமிர்ந்து நின்றார்.

"வாரும் பிள்ளை."

"அங்கிள், நான் பொய் சொன்னனான்." நின்றால் சொல்லமாட்டோம் என்ற பயத்தில் மூச்சு விடாமல் சொன்னாள். "ரதி அன்ரி திரும்பி வரேல்லை. என்னட்டைச் சொல்லிட்டுத்தான் போனவ. எனக்கு விளங்கினது. நாங்கள் விட்டிட்டு வந்திட்டம். அவ கை காட்டினவ, நான் கண்டனான். நீங்கள் சொன்னது சரி. உங்களுக்கு ஒண்டுமில்லை."

அவர் பொறுமையாகக் கேட்டார்.

"அதெல்லாம் பரவாயில்லை," என்றார். "இப்ப எங்களுக்கு ஒரு குறையுமில்லை."

ரதி வந்து அவர் பக்கத்தில் நின்றார். தோளோடு தோள். இருவரின் பார்வையும் அவள்மேல். திறந்த கதவால் வெப்பம் வந்தது. சுட்ட கல்.

அப்போதுதான் வீட்டின் பக்கவாட்டைக் கண்டாள். பின்கதவிலிருந்து ஒரு ஆளின் காலடிகள் புறப்பட்டு, வேலியைக் கடந்து, பள்ளத்தாக்கின் கரிய மரங்களை நோக்கிப் போயிருந்தன. ஒவ்வொரு அடிக்கும் பக்கத்தில் சிறு குழி. தடி ஊன்றிய குழி. போனதற்கு மட்டும்தான் தடம். திரும்பியதற்கு இல்லை. பனி அதை நிரப்பிக்கொண்டிருந்தது.

கைபேசியை எடுத்தாள். யாரைக் கூப்பிட? என்ன சொல்ல? வீட்டுக்காரர் இரண்டு பேரும் வாசலில் நிற்கிறார்கள்.

"குளிருதெல்லோ," என்றார் அவர். "உள்ளுக்கு வாரும்."

"வாரும்," என்றார் ரதி. அதே குரலில். தியாகலிங்கத்தின் குரலில்.

வாசல் விளக்கின் கீழ் மூன்று பேர் நின்றார்கள். இரண்டு பேர் பேசிக்கொண்டிருந்தார்கள். வெள்ளை ஆவியாய் மூச்சுப் புறப்பட்டது றீற்றாவின் வாயிலிருந்து மட்டும்.