காலியாக விடக்கூடாத கட்டம்

நான்காவது கொலை நடந்த வீட்டில் சுவர்க்கடிகாரம் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டிருந்தது.

அதைப் பார்த்ததும் மனநல நிபுணர் வாசற்படியிலேயே நின்றுவிட்டார். பிணங்கள் அவருக்குப் பழகிப்போனவை. கொலைகாரன் எப்படிப்பட்டவன் என்று போலீசுக்கு எழுதிக் கொடுப்பதுதான் பிழைப்பு. தடயம் இருக்கும்வரை ஒழுங்காகவே எழுதுவார்: வயது நாற்பதுக்குள், பட்டப்பகலில் வருவான், வீட்டில் தனியாக இருப்பவர்களைத்தான் தேடுவான். ஆனால் படிவத்தில் 'பழக்கவழக்கங்கள்' என்றொரு கட்டம். காலியாக விட்டால் மேலதிகாரி, "தெரியாதுன்னு எழுதவா இத்தனை படிச்சீங்க?" என்பார். அதனால் டீ ஆறுவதற்குள் எதையாவது போட்டு நிரப்பிவிடுவார். இந்த முறை நிரப்பியது: 'கொன்றபின் கடிகாரத்தைத் திருப்பி வைப்பான்.'

அந்தத் தாள் இன்னும் அவருடைய டிராயரை விட்டு வெளியே வரவில்லை.

"என்ன ஜோசியரே, இப்படி வேர்த்துக் கொட்டுது?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"புழுக்கம்."

அன்று மாலை, எல்லோரும் போய்விட்ட அலுவலகத்தில், மின்விசிறியின் கிறீச்சுச் சத்தமும் பழைய காகிதத்தின் புளித்த வாடையும் சூழ, பேனாவைப் பிடித்தபடி நெடுநேரம் உட்கார்ந்திருந்தார். பகலெல்லாம் வீட்டில் தனியாக இருக்கும் மனைவியின் நினைப்பு விடவில்லை. கடைசியில் அதே கட்டத்தில் ஒரு வரி சேர்த்தார்: 'இப்போது செத்துவிட்டான்.'

டிராயரைப் பூட்டினார். அன்றிரவு நன்றாகத் தூங்கினார். குறட்டை தாங்கவில்லை என்று மனைவி புகார் சொன்னாள்.

மூன்றாம் நாள் பகலில் இன்ஸ்பெக்டர் போன் செய்தார்.

"அஞ்சாவதுங்க. கழுத்துல அவன் விரல் தோல் உரிஞ்சு ஒட்டியிருக்கு. டாக்டர் என்னமோ உளர்றார். செத்து ரெண்டு நாளான ஆளோட தோலாம்! சிரிக்கிறதா அழுவுறதா?"

நிபுணர் இரண்டையும் செய்யவில்லை. டிராயரைத் திறந்தார். பூட்டு பத்திரமாக இருந்தது. தாள் இல்லை.

மறுபடி போன். மனைவி.

"உங்க ஆபீஸ்லேருந்து ஒருத்தர் வந்திருக்காருங்க. தெரியாதவங்களுக்குக் கதவத் தொறக்காதேன்னீங்க, ஆனா உங்க கையெழுத்துல ஒரு தாள் காட்டினார், அதான் விட்டேன். வாயே தொறக்கல. குளிச்சுப் பல நாளாகும்போல. தண்ணி வேணும்னு சைகை காட்டறார், வெச்சுடறேன்."

"வெளிய ஓடிடு!"

அதற்குள் துண்டித்துவிட்டாள்.

ஓடினார். தெரு. படிகள். திறந்த கதவு. ஈக்கள்.

ஸ்டூலில் முதுகு காட்டி உட்கார்ந்திருந்தான். டம்ளரை அண்ணாந்து காலி செய்தான். குடித்த தண்ணீர் முதுகுச் சட்டையை நனைத்துக்கொண்டு, நிதானமாக, தரையில் சொட்டியது.

எதிரே நின்றவளுக்கு அது தெரியவில்லை. ஜக்கைச் சாய்த்தாள்.

"நல்ல தாகம்போல. இன்னொரு டம்ளர் தரட்டுமாண்ணா?"