கூரைக்குக் கீழே படுத்திருந்தவன்

நார்ஃபோக்கின் அந்தச் சிற்றூரில் குதிரைவண்டியை விட்டு இறங்கியதும் புதுப் பாதிரியார் லவல் கோயிலைச் சுற்றிவந்தார். வட்டக் கோபுரம் நார்மன் காலத்தது என்றார். வடக்கு வாசலைக் கல் வைத்து அடைத்தது அதற்கப்புறம் என்றார். வடக்குச் சுவரின் ஈரம் எந்தக் காலத்தது என்று மட்டும் சொல்லவில்லை. முகம் சுளித்தார்.

ஆகஸ்டில் வினிஃப்ரெட் பாஸ்குக்கு ஓர் ஆண்குழந்தை பிறந்து, ஒருமுறை அழுது, இறந்தது. ஞானஸ்நானம் பெறாத பிள்ளைக்குக் கல்லறைத் தோட்டத்தில் இடமில்லை என்றார் லவல். வருத்தத்தோடுதான் சொன்னார். சொல்லிவிட்டுத் தேநீர் குடித்தார்.

அந்த ஊர்த் தாய்மார்கள் காலங்காலமாகச் செய்ததையே அவளும் செய்தாள். யாரிடமும் சொல்லாமல், வடக்குச் சுவரோரம், கூரை விளிம்புக்கு நேர் கீழே புதைத்தாள். கோயில் கூரையில் பட்டு விழும் மழை புனிதத் தண்ணீர். பாதிரியார் தராததை முதல் மழை தந்துவிடும்.

மழைக்கு முன்னால், கூரை விளிம்பில் தண்ணீர் பிடிக்கும் பீலி வந்துவிட்டது. கோயில் நிதிக்காக ஜாம் விற்ற காசில் லவல் மாட்டிய இரும்புப் பீலி, கூரைத் தண்ணீரை ஒரு சொட்டு சிந்தாமல் ஓடைக்குக் கொண்டுபோனது.

“கழட்டுங்கய்யா அத.”

“சுவர் காயணுமே, மிஸஸ் பாஸ்க்.”

“சுவரு மேல இருக்கிற கரிசனத்துல கொஞ்சம் அதோட காலடியில படுத்திருக்கிறவன் மேலயும் வைங்க.”

“மூடநம்பிக்கைம்மா,” என்றார், தேவதூதர் சிலைக்குக் கீழே நின்றுகொண்டு.

அறுவடைத் திருநாளுக்கு முந்தைய மாலை மழை பிடித்தது. பீடத்தடியில் பூசணியும் ஆப்பிளும் அடுக்கிக்கொண்டிருந்த வினிஃப்ரெட் காதைத் தீட்டினாள். வெளியே சுவரோரம் ஒரு சொட்டுச் சத்தம் இல்லை. பீலி மட்டும் மடக்மடக்கென்று குடித்துக்கொண்டிருந்தது. அவள் பல்லைக் கடித்தாள். கையிலிருந்த ஆப்பிள் நசுங்கியது.

ஈர மண் வாசனை உள்ளே வந்தது.

தரைக்கல்லில் ஒரு சத்தம். பத். பத்.

அடைத்த வடக்கு வாசலிலிருந்து ஈரத் தடங்கள். இரண்டு உள்ளங்கை, இரண்டு முழங்கால்.

ஞானஸ்நானத் தொட்டியை நோக்கி.

“யாரு குழந்தைய உள்ள விட்டது?” பீடத்தருகே நின்ற லவல் கேட்டார்.

“நீங்க விடாத குழந்தைதான்.”

“ஒரு நாள்கூட உயிரோட இருக்கலயே... தவழ எங்க...”

“மண்ணுக்குள்ள கத்துக்கிட்டான். தண்ணிய எடுங்க. பேரு ஜேபஸ்.”

லவல் தொட்டித் தண்ணீரை அள்ளி வெறும் காற்றின்மேல் ஊற்றினார். தண்ணீர் தரையில் விழவில்லை.

“போதுமா?”

“எனக்குப் போதும். அவனக் கேளுங்க.”

வடக்குச் சுவர் இப்போது நன்றாகக் காய்ந்துவிட்டது. லவலின் வெள்ளை அங்கியை எத்தனை முறை அடுப்பருகே போட்டும், முழங்காலுக்குக் கீழே ஓரிடம் காய்வதில்லை. ஞாயிற்றுக்கிழமை அவர் பிரசங்கம் செய்யும்போது அந்த இடம் மெல்ல இழுபடும்.