தானாகத் திரும்பும் ஊசி

ஊசி திரும்பி வரவில்லை.

பதினொரு வருடங்களாக அவள் கீறல் தைக்கிறாள். ஒரு நாளும் இப்படி ஆனதில்லை. அந்த நாட்டில் கீறல் விழுவது பெரிய அதிசயமல்ல. துணி நைந்துபோவதுபோல உலகமும் அங்கங்கே நைந்துபோகும். சுவரிலோ தரையிலோ ஒரு கறுப்புக் கோடு தோன்றும், தினம் ஒரு விரற்கடை வளரும், எட்டியதையெல்லாம் விழுங்கும். தைத்தால்தான் அடங்கும். சாண் நீள வளைந்த ஊசியில் தார் பூசிய நூலைக் கோத்து, கோட்டின் இந்த ஓரத்தில் உள்ளே தள்ள வேண்டும். நூறு எண்ணுவதற்குள் மறு ஓரத்தில் ஊசி தானாக மூக்கை நீட்டும். பிடித்து இழுத்தால் ஒரு தையல்.

அது எப்படித் தானாக வருகிறது என்று தொழில் கற்ற முதல் வாரமே அண்ணனிடம் கேட்டிருந்தாள்.

"கட்டினது திரும்பும், கட்டாதது திரும்பாது. ஊசியை நூல்ல கட்டியிருக்குல்ல? அவ்வளவுதான்."

விதி சரியாகவே இருந்தது. உள்ளே விழுந்த கல், செருப்பு, ஒரு பூனை, எதுவும் திரும்பியதில்லை. ஊசி மட்டும் திரும்பும். லேசான சூட்டோடு.

இன்றைக்குக் கீறல் அவள் வீட்டிலேயே, படுக்கையறைச் சுவரில். நான்கு முழம் தள்ளிக் கட்டிலில் மகள், காலில் எலும்பு முறிவுக் கட்டோடு, மருந்தின் மயக்கத்தில் தூங்கிக்கொண்டிருந்தாள். அரை மணி நேர வேலைக்காக ஏன் குழந்தையைத் தூக்கி அலைக்கழிக்க வேண்டும் என்று அவள்தான் விட்டுவிட்டாள். ஜன்னல் வழியே மதிய வெயில் தரையில் சதுரமாகக் கிடந்தது. கீறலிலிருந்து ஈர இரும்பு வாடை வந்துகொண்டிருந்தது.

"நூறைத் தாண்டி நூத்தம்பதாச்சு அண்ணா. வரல."

"உள்ள எங்கயாவது சிக்கியிருக்கும்."

அண்ணன் மூலையில் கயிற்றுச் சுருளைப் பிரித்துக்கொண்டிருந்தான். அவன் கயிறு கொண்டுவந்ததை அவள் இப்போதுதான் கவனித்தாள். எந்த வீட்டுக்கும் கொண்டுவந்ததில்லை. அவன் தைத்தால் கோணும், அதனால் அவன் வேலை அளவெடுப்பது மட்டுமே. முதல் நாளே போய் அளந்துவிட்டு வருவான். மறுநாள் அவள் போய்த் தைப்பாள். அவள் போகும்போது அந்த வீட்டில் யாராவது ஒருவர் வெளியூர் போயிருப்பார்கள். அத்தை தங்கச்சி வீட்டுக்குப் போயிருக்காங்க என்பார்கள், தரையைப் பார்த்துக்கொண்டே.

அப்போது கீறலுக்குள் ஒரு பெண் குரல் மெல்லக் கேட்டது.

*அண்ணா, கயிறு தளருது.*

கீறல் அருகே ஒலி முன்பின்னாக வரும். எதிரொலி முதலில், குரல் பிறகு. காலையில்கூட அண்ணனின் தும்மல் முதலில் சுவருக்குள் கேட்டது, அப்புறம்தான் அவன் தும்மினான். மகள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

"யாரோ பேசின மாதிரி இல்ல?"

"உன் வயித்து இரைச்சலா இருக்கும், பயந்தாங்கொள்ளி." அவன் எப்போதும் தன் நகைச்சுவைக்குத் தானே முதலில் சிரிப்பவன். இன்று சிரிக்கவில்லை. "பாதித் தையல்ல விட்டா ஒரே மூச்சுல அறை முழுக்கக் கிழிஞ்சிடும். உனக்குத் தெரியாததா? இடுப்புல கட்டிக்க. எட்டி ஊசியை எடுத்துக் குடு. நான் புடிச்சுக்கறேன்."

கட்டினது திரும்பும். அவள் மகளை ஒரு முறை பார்த்துவிட்டு, முடிச்சை இரண்டு முறை இழுத்துச் சோதித்துவிட்டு, தோளைச் சாய்த்து உள்ளே போனாள்.

குளிர் இல்லை. தரையும் இல்லை. நடந்தால் கால் அசைந்தது, இடம் மாறவில்லை. பின்னால் கீறல் ஒரு வெளிச்சக் கோடாக, கை எட்டும் தூரத்தில். ஆனால் அதன் ஓரத்தைப் பிடித்தால் புகையைப் பிடித்ததுபோல விரல்கள் நழுவின. ஊசி பக்கத்திலேயே கிடந்தது. நூல் எதிலும் சிக்கவில்லை. தளர்வாகத் தொங்கியது. யாராவது எடுத்துத் திருப்பி நீட்டினால் போதும் என்பதுபோல.

யாராவது.

லேசான சூடு. கைச்சூடு.

பதினொரு வருடம். எத்தனை வீடு. எத்தனை அத்தை.

இடுப்பில் இறுக்கம் விட்டது.

"அண்ணா," என்றாள். "கயிறு தளருது."

சொன்ன பிறகுதான் அந்தக் குரல் யாருடையது என்று தெரிந்தது. கயிற்றை இழுத்தாள். சுலபமாக வந்தது. முழுவதும் வந்தது. நுனியில் ஒரே வெட்டு, பிசிறில்லாமல். அவளுடைய கத்தரியின் வெட்டு.

வெளிச்சக் கோட்டில் அண்ணனின் வாய் தெரிந்தது.

"உள்ள ஒருத்தர் இருந்தாத்தான் ஊசி திரும்பும். இந்த வீட்ல வேற யாரை அனுப்பறது, நீயே சொல்லு. குட்டியை நான் பாத்துக்கறேன்."

"என் கையாலயே தைக்க வெச்சியே அண்ணா. எல்லாரையும்."

நூல் இரண்டு முறை மெல்ல அசைந்தது. அவசரப்படுத்தினான்.

நூலை மணிக்கட்டில் சுற்றிக்கொள்ளலாம். கட்டினது திரும்பும். வெளியே போய் அவன் கழுத்தைப் பிடிக்கலாம். ஆனால் அவள் பாரம் தாங்காமல் தையல் அறுந்துவிடும். கீறல் கிழியும். நான்கு முழம். அவ்வளவு தூரத்தில்தான் கட்டில்.

"மாமா, அம்மா எங்க?" தூக்கக் கலக்கத்தில் மகளின் குரல்.

"கடைக்குப் போயிருக்கா குட்டி."

அவள் ஊசியைத் திருப்பினாள். தள்ளினாள்.

"மாமா! ஊசி தானா வருது!"

"ஆமா குட்டி. தானாத்தான் வரும்."

மறுபடி வந்தது. திருப்பினாள். மறுபடி. அண்ணனின் தையல் எப்போதும்போலக் கோணல். வெளிச்சம் முழமாகி, சாணாகி, விரற்கடையானது. இருட்டுக்குக் கண் பழகியது. அப்போது பார்த்தாள்.

இருட்டு முழுக்க வரிவரியாகத் தையல்கள். நேரானவை, நெருக்கமானவை, அவளுடையவை, பின்பக்கத்திலிருந்து. ஒவ்வொரு வரிக்கு முன்னாலும் ஒருவர், மூடிய கீறலைப் பார்த்தபடி, அடுத்த ஊசிக்காக வலக்கையை நீட்டிக்கொண்டு.

பக்கத்து வரியில் இருந்த கையில் கட்டைவிரல் நகம் இல்லை. நான்கு வருடம் முன்பு, மாவு ஆலையின் கீறலை அவள் தைத்த அன்று காணாமல்போன கணவனின் கை. ஓடிட்டான், விட்டுத்தள்ளு என்று அண்ணன் சொன்ன கணவன்.

கடைசி ஊசி உள்ளே வந்தது. அந்த வெளிச்சம் அணைவதற்குள், நகமில்லாத கை மெல்ல விலகி, அவள் நிற்பதற்கு இடம் விட்டது.