கம்ப்யூட்டர் அறையில் ஒரு காந்தம்

1988, ஜூலை. திங்கட்கிழமை காலை எட்டரை மணி. அம்பத்தூர் எஸ்டேட்டில் வால்வு செய்யும் தொழிற்சாலை ஒன்றின் கம்ப்யூட்டர் அறை. பிளாப்பிகள் இருந்த பெட்டிக்குள் உள்ளங்கை அளவு காந்தம் ஒன்று கிடந்தது.

"எல்லாம் போச்சு சார்," என்றான் ராஜசேகரன். கம்ப்யூட்டரை வாங்க வைத்தவனும் இயக்குபவனும் அவன்தான். "ஸ்டாக், சம்பளம், ஒரு வருஷக் கணக்கு. காந்தம் பட்டா பிளாப்பில ஒண்ணும் நிக்காது."

மதியம் வங்கி அதிகாரி வருவதாக இருந்தது. கம்ப்யூட்டரால் கம்பெனிக்கு என்ன லாபம் என்று பார்த்த பிறகுதான் அடுத்த கடன். முதலாளி பக்தவத்சலம் போலீசைக் கூப்பிட்டார். துலுக்கானத்தைக் கை காட்டினார்.

துலுக்கானம் பழைய ஸ்டோர் ஆள். கம்ப்யூட்டர் வந்ததும் ஸ்டோரிலிருந்து நான்கு பேரை வீட்டுக்கு அனுப்பினார்கள். அவனை மட்டும் இந்த அறைக்குக் காவல் போட்டார்கள். அறைக்கு இரண்டு சாவிகள். ஒன்று அவனிடம், மற்றது ராஜசேகரனிடம்.

சப்-இன்ஸ்பெக்டர் செங்கல்வராயன் எல்லோரையும் போல வாசலில் பூட்ஸைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார்.

"கம்ப்யூட்டர் பொட்டிய ஒடைக்கிறேன்னு சொன்னியாமே?" என்றார் துலுக்கானத்திடம்.

"கேன்டீன்ல சொன்னேன் சார். எல்லாருந்தான் சொன்னானுங்க."

"காந்தம்?"

"ஸ்டோர்ல கெடக்கும். யார் வேணா எடுக்கலாம். பொண்ணுக்கு ஆவணில கல்யாணம் வச்சிகினு கீறேன் சார். வேல போச்சுன்னா மாப்ள ஊட்ல இன்னா சொல்லுவேன்?"

"ஸ்டோர் கணக்கு இப்ப யாரு பாக்கிறது?"

"கம்ப்யூட்டருதான். மாசக் கடைசில ராஜசேகர் சார் வந்து எண்ணிச் சொல்லும்பாரு. சொல்லுவேன். அவுரு தட்டுவாரு. பேப்பர்ல அயகா வரும்."

செங்கல்வராயன் ராஜசேகரனிடம் திரும்பினார். "இது எப்படி வேலை செய்யுது?"

"மேல் வாயில மெஷினைக் கிளப்புற பிளாப்பி. கீழ் வாயில கணக்கு பிளாப்பி. போட்டுட்டு இந்தக் கைப்பிடியைத் திருப்பணும். மெஷினுக்குள்ள எதுவும் தங்காது."

"கணக்கை எப்ப ஏத்துவீங்க?"

"தினமும் சாயங்காலம். சனிக்கிழமைகூட ஏத்தினேன்."

செங்கல்வராயன் குனிந்து பார்த்தார். திரையின் மேல், கீபோர்டு ஓரத்தில், இரண்டு வாய்களிலும் சந்தனப் பொட்டு. போன ஆயுதபூஜைக்கு வைத்தது. லேத்தோ கம்ப்யூட்டரோ, வைத்த பொட்டை இங்கே யாரும் துடைப்பதில்லை. மேல் வாயில் பொட்டு உதிர்ந்து கறை மட்டும் இருந்தது. கீழ் வாயில் முழுதாகக் காய்ந்திருந்தது.

பதினொரு மணிக்கு மூவரையும் அழைத்தார்.

"காந்தம் வெச்சது ராஜசேகரன். ஆனா எதுவும் அழியலை. அழிய எதுவுமே இல்லை."

"என்ன சார் சொல்றீங்க?" என்றார் பக்தவத்சலம்.

"கீழ் வாயைப் பாருங்க. சந்தனம் பாதி கைப்பிடி மேல, பாதி பக்கத்துத் தகட்டு மேல. ஒரு தடவை திருப்பியிருந்தா விரிசல் விட்டிருக்கும். போன அக்டோபர்லேருந்து அதை யாரும் திருப்பவே இல்லை. துலுக்கானம் எண்ணிச் சொன்னதை ராஜசேகரன் தட்டி அச்சடிச்சார். அவ்வளவுதான். ரெண்டு லட்ச ரூபாய் டைப்ரைட்டர் சார். இன்னிக்கு பேங்க் ஆள் வந்தா பிளாப்பியைக் கேட்பார். அதுல ஒண்ணுமே இல்லைன்னு தெரியாம இருக்கத்தான் காந்தம்."

ராஜசேகரன் மறுக்கவில்லை. "புரோகிராம் முடியலை. அதுக்குள்ள நாலு பேரை அனுப்பிட்டீங்க. அப்புறம் எப்படிச் சொல்றது?"

பக்தவத்சலம் கதவைச் சாத்தினார்.

"புகாரை வாபஸ் வாங்கிக்கிறேன். பேங்க்ல காந்தம்னே சொல்லிக்கிறேன்."

"யாரு வெச்சதுன்னு கேட்பாங்களே," என்றார் செங்கல்வராயன்.

"ராஜசேகரை அனுப்பிட்டா மெஷினை யாரு ஓட்டுறது?" முதலாளி துலுக்கானத்தின் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். "நீ கணக்கைத் தீத்துக்கப்பா."

புகார் இல்லாமல் வழக்கு இல்லை. செங்கல்வராயன் பூட்ஸை மாட்டிக்கொண்டார்.

ஜீப்பில் துலுக்கானத்தை அவன் வீடு இருந்த மேனாம்பேடு வரை கொண்டுவந்தார். அவன் இறங்கினான்.

"வீட்ல என்ன சொல்லப் போற?"

"எம்மேல தப்பு இல்லன்னு நீங்க கண்டுபுட்ச்சிட்டீங்கன்னு சொல்றேன் சார்."